கேட்டிலிருந்து ஒன்பது நாள்

தொப்பையாங்குளம் விலக்கில், நாலுவழிச் சாலையை ஒட்டியே நிற்கிறது ஓட்டல் மாணிக்கமாலை. கேட்டில் நின்றால், முன்படிக்கட்டில் யாருடைய செருப்புக் கிடக்கிறது என்பதுகூடத் தெரியும். ஆனால் கேட்டிலிருந்து ஓட்டலுக்கு ஒன்பது நாள் நடை. கோர்ட்டில் பிரமாணம் செய்து கொடுத்த தூரம் அது. அதில் ஒரு நாழிகை கூடுதலும் இல்லை, குறைவும் இல்லை.

பிரமாணம் செய்தவன் வடமலை. ஓட்டலின் கோர்ட் கேஸ்களைப் பார்க்கிற மேனேஜர். நாற்பத்தாறு வயது, சட்டைப்பையில் எப்போதும் இரண்டு பேனா, எதையும் கொஞ்சம் கூட்டிச் சொல்லிவிடுகிற வாய். அந்த வாய்தான் அவனுக்கு வினையாக வந்தது.

சங்கதி இப்படி. மூன்று நட்சத்திரம் இருந்தால்தான் ஓட்டலுக்குப் பார் லைசென்ஸ் கொடுப்பார்கள். பார் இருந்தால்தான் மூன்று நட்சத்திரம் கொடுப்பார்கள். முதலாளி வரதப்பன் இரண்டு ஆபீசுக்கும் மாறி மாறி அலைந்து செருப்புத் தேய்ந்து, கடைசியில் கோர்ட்டுக்குப் போனார். நீதிபதி நல்ல மனுஷர். நட்சத்திரக் கமிட்டி நேரில் போய்ப் பார்க்கிறவரை பார் நடக்கட்டும், ஆனால் நெடுஞ்சாலையிலிருந்து ஐந்நூறு மீட்டர் தள்ளி நடக்கட்டும் என்று இடைக்கால உத்தரவு போட்டார். தூரம் என்றால் ஆள் நடக்கிற தூரம். கேட்டில் தொடங்கி பார் கதவில் முடிய வேண்டும்.

ஓட்டல் சாலையிலிருந்து நாற்பதடியில் இருந்தது. அதைத் தூக்கிப் பின்னால் வைக்கவா முடியும்? கேட்டுக்கும் படிக்கட்டுக்கும் நடுவில் நெஞ்சு உயரத்துக்குச் சுவர் எழுப்பி, ஆளை வலமும் இடமுமாக வளைத்து வளைத்து நடக்கவிடும் பாதை ஒன்றைக் கட்டினார்கள். டேப் வைத்து அளந்தால் ஐந்நூற்று நாலு மீட்டர் வந்தது. அத்தோடு விட்டிருந்தால் இந்தக் கதையே கிடையாது.

விடுவார்களா? ஊருக்குள்ளே கஜபதி பேலஸ் என்று நாலு நட்சத்திர ஓட்டல் ஒன்று உண்டு. அதுவரைக்கும் ஊரில் அவர்களிடம் மட்டும்தான் பார் இருந்தது. அவர்களுடைய வக்கீல் அருமைராஜ் எழுந்து, ஐந்நூற்று நாலு என்பது மயிரிழைத் தூரம், ஏற்க முடியாது என்று ஆட்சேபித்தார். நீதிபதி வடமலையைப் பார்த்து, உண்மையில் எவ்வளவு தூரம் இருக்கும் என்று கேட்டார்.

தொப்பையாங்குளத்துக்காரர்களுக்கு ஒரு பழக்கம். கோர்ட்டில் எதைச் சொன்னாலும் இரண்டு பங்காகச் சொல்வார்கள். வரப்பில் ஒரு முழம் போனால் இரண்டு முழம் போய்விட்டதாகப் பிராது கொடுப்பார்கள். கோர்ட்டு எப்படியும் பாதியை வெட்டும், நமக்குச் சேர வேண்டியது சேர்ந்துவிடும் என்று கணக்கு. வடமலையும் அந்த ஊரில் பிறந்தவன்தானே. "ஒரு கிலோமீட்டர் இருக்கும் ஐயா" என்றான். நீதிபதி வெட்டவில்லை. அப்படியே எழுதிக்கொண்டார். மறுநாள் டேப் வைத்துப் பார்த்தபோது பாதை ஒரு கிலோமீட்டர் இருந்தது.

அடுத்த வாய்தாவில் அருமைராஜ் அதுவும் போதாது என்றார். வடமலை இரண்டு என்றான். பிறகு நாலு. பிறகு அரை நாள் நடை, ஒரு நாள் நடை, இரண்டு, நாலரை. இந்தத் தடவை வெட்டிவிடுவார்கள், இந்தத் தடவை வெட்டிவிடுவார்கள் என்றுதான் ஒவ்வொரு தடவையும் கூட்டிச் சொன்னான். வெட்டவே இல்லை, என்ன செய்ய! ஒன்பது நாள் என்றபோது அருமைராஜ் அசந்துபோய் உட்கார்ந்துவிட்டார். ஆடி மாதம் கேட்டுக்குள் நுழைந்த நட்சத்திரக் கமிட்டிக்காரர்கள் மூன்று பேரும் தை பிறந்தும் போய்ச் சேரவில்லை. டேப் பிடித்து அடி அடியாக அளந்துகொண்டே போகிறவர்கள், அவர்கள் முக்கால் தூரம் போகும்போதெல்லாம் இங்கே ஒரு வாய்தா வந்து தூரம் கூடிவிடும்.

பாருக்கு ஆட்கள் போகாமல் இல்லை. கட்டுச்சோறு கட்டிக்கொண்டு போனார்கள். குடித்துவிட்டுத் திரும்புகிறவன் கேட்டுக்கு வந்து சேர்வதற்குள் நன்றாகத் தெளிந்துவிடுவான். சாலை விபத்துக்கு வழியே இல்லை என்று வடமலை தரப்பில் இதை ஒரு நல்ல அம்சமாகவே எடுத்துச் சொன்னார்கள்.

தூரம் என்றால் எல்லாவற்றுக்கும் தூரம்தான். கேட்டிலிருந்து போன் போட்டால் ஒன்பது நாள் கழித்துத்தான் உள்ளே மணி அடிக்கும். கூப்பிட்டால் குரல் அதே கணக்கில் போகும். கண்ணுக்கு மட்டும் நாற்பதடியில் தெரியும். அதற்கும் வடமலை அபிடவிட்டின் ஏழாவது பாராவில் வழி செய்து வைத்திருந்தான். ஒன்பது நாள் தொலைவில் நடப்பதை ஒரு மனுஷன் கண்ணால் காண முடியாது, ஆகவே அங்கே நடப்பது எதுவும் எனக்குத் தெரியாது என்று கையெழுத்துப் போட்டிருந்தான்.

அவன் மனைவி பூங்காவனம் அங்கேதான் இருந்தாள். ஓட்டலில் ஹவுஸ்கீப்பிங் அவள் பொறுப்பு. நாற்பது அறைக்கும் விரிப்பு, தலையணை உறை, துண்டு எல்லாம் அவள் கண்ணுக்குத் தப்பாது. தூரம் அரை நாளாக இருந்த சமயம், ஒரு செவ்வாய்க்கிழமை, "நாளைக்கு வாய்தா முடிஞ்சதும் வந்துடறேன், ராத்திரிக்கு ரசம் மட்டும் வை, போதும்" என்று சொல்லிவிட்டுக் கிளம்பியவன் வடமலை. அந்தப் புதன்கிழமை தூரம் ஒரு நாள் ஆயிற்று. அதற்குப் பிறகு வாராவாரம் புதன்கிழமை வாய்தா. போக ஒன்பது, வர ஒன்பது, பதினெட்டு நாளைக்கு எங்கே போவான்? ஒரு வாய்தா தவறினாலும் ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகிவிடும். ஓட்டலில் நாற்பத்திரண்டு பேர் வேலை பார்க்கிறார்கள். ஐந்து மாதமாகக் கேட்டை ஒட்டிய வாட்ச்மேன் அறையில்தான் அவன் வாசம்.

தினமும் காலையில் அவள் மொட்டை மாடிக்கு வந்து துணி உலர்த்துவாள். அவன் கேட்டில் நின்று பார்ப்பான். பார்த்தானா என்று கேட்டால் இல்லை என்பான். கடுதாசிகள் வந்துபோய்க்கொண்டிருந்தன. பாரிலிருந்து திரும்புகிறவர்கள் கொண்டுவந்து கொடுப்பார்கள்.

மாசி மாதம் ஒரு திங்கட்கிழமை ஒரு லாரி டிரைவர் கொண்டுவந்த கடுதாசியில் இப்படி இருந்தது. "மூணு நாளாக் காய்ச்சல். முதல் மாடியில கெஸ்ட் வராத ரூம் ஒண்ணுல படுத்திருக்கேன். கிழக்குப் பார்த்த ரூம், வெளிச்சம் நல்லா வருது. வெளுக்கிறவன் நீலம் கூடப் போடுறான், முதலாளி கிட்டச் சொல்லுங்க. நீங்க பிரஷர் மாத்திரையை விட்டுடாதீங்க. முடிஞ்சா ஒரு நடை வந்துட்டுப் போங்க."

முடிஞ்சா வாங்க என்று அவள் அதுவரை எழுதினதே இல்லை. வடமலை நிமிர்ந்து பார்த்தான். முதல் மாடியில் கிழக்கு ஜன்னல் திறந்திருந்தது. கட்டிலும், கட்டிலில் போர்வையும், போர்வைக்கு வெளியே ஒரு கையும் தெரிந்தன. ஒன்பது நாளைக்கு முந்தி எழுதின கடுதாசி. இன்றைக்கு எப்படி இருக்கிறாளோ தெரியாது.

கடுதாசியை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு சுவரில் ஏறினான். நெஞ்சு உயரச் சுவர், ஏறுவது ஒன்றும் கஷ்டமில்லை. அந்தப் பக்கம் குதித்தான். அந்தப் பக்கம் முதல் நாள் நடை இருந்தது. அடுத்த சுவரையும் ஏறிக் குதித்தான். அங்கேயும் முதல் நாள் நடைதான். பதினொரு சுவர் ஏறினான், முழங்கை இரண்டும் உரிந்து ரத்தம் கசிந்தது. பன்னிரண்டாவது சுவரில் கையை வைத்தபோது, தான் செய்த பிரமாணத்தைத் தானே தாண்ட முடியாது என்பது விளங்கியது. சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, "அடி பாவி, முந்தியே எழுதியிருக்கக் கூடாதா" என்று அழுதான். அப்புறம் எழுந்து கேட்டுக்கு நடந்தான்.

செவ்வாய்க்கிழமை வக்கீலம்மா கமலவேணியைப் போய்ப் பார்த்தான். ஓட்டல் தரப்பில் ஆஜராகிறவர் அவர்தான். வெற்றிலை போடுகிற பழக்கம், பேசுவதற்கு முன்னால் எழுந்து போய்த் துப்பிவிட்டு வருவார்.

"ரெண்டு வழி இருக்கு. ஒண்ணு, இப்பவே நடக்க ஆரம்பிங்க. கேஸ் போயிடும், ஆனா ஒன்பதாம் நாள் போய்ச் சேந்துடுவீங்க. இன்னொண்ணு, சுவர் தாண்ட கோர்ட்டுல அனுமதி வாங்கலாம். நாளைக்கே மனு போடறேன். அனுமதி கிடைச்சா அந்தப் பக்கம் நேரா முற்றம்தான்."

வடமலை யோசித்தான். ஒன்பது நாள் எங்கே, ஒரே எட்டில் தாண்டுகிற சுவர் எங்கே? கேஸும் பிழைக்கும். "மனுவே போடுங்க மேடம்" என்றான். அங்கேதான் தப்புப் பண்ணினான். அன்றைக்கே நடக்க ஆரம்பித்திருந்தால், போய்ச் சேர்ந்தானோ இல்லையோ, அவளை நோக்கி நடந்தவன் என்றாவது இருந்திருப்பான்.

புதன்கிழமை நீதிபதி மனுவைப் படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மனைவிக்கு என்ன வயது என்று கேட்டார். நாற்பத்தொன்று என்று வடமலை சொன்னான். ஒரு நபர், ஒரு தடவை, ஒரு நாள் மட்டும் சுவர் தாண்ட அனுமதி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அருமைராஜ்கூட ஆட்சேபிக்கவில்லை. உத்தரவு கேட்டுப் பக்கமும் உள்பக்கமும் சார்பு செய்யப்பட்ட, அதாவது நேரில் கொண்டுபோய்க் கொடுக்கப்பட்ட மறுநாளிலிருந்து அமலுக்கு வரும் என்று கடைசி வரியில் இருந்தது. எல்லா உத்தரவிலும் இருக்கிற வரிதான்.

கேட்டுப் பக்கம் அன்று மாலையே சார்பு செய்தாகிவிட்டது. உள்பக்கத்துப் பிரதியை எடுத்துக்கொண்டு கோர்ட்டு அமீனா வியாழக்கிழமை காலையில் பாதையில் நடந்தார். வயதானவர், குடை வைத்திருந்தார். வடமலை அவருக்கு இட்லிப் பொட்டலம் வாங்கிக் கொடுத்து, "கொஞ்சம் வெரசாப் போங்கய்யா" என்று கையைப் பிடித்துக்கொண்டான். "வெரசாப் போனாலும் ஒன்பது நாள்தான் தம்பி, நீங்கதானே சொன்னீங்க" என்றார் அமீனா. அடுத்த வெள்ளிக்கிழமை போய்ச் சேர்வார். சனிக்கிழமை சுவர் தாண்டலாம்.

வியாழன், வெள்ளி, சனி, ஞாயிறு நாலு நாளும் ஜன்னலில் அந்தக் கை தெரிந்தது. ஞாயிற்றுக்கிழமை அவள் தலையைத் தூக்கிக் கேட்டுப் பக்கம் பார்த்தாள். அவன் கையை ஆட்டினான். அவளும் ஆட்டின மாதிரி இருந்தது. ஏழாவது பாரா நினைவுக்கு வந்து கையைக் கீழே இறக்கிக்கொண்டான்.

திங்கட்கிழமை பகல் பதினொரு மணிக்கு, இரண்டு பெண்கள் அந்த அறைக்குள் வேகமாகப் போனார்கள். கொஞ்ச நேரத்தில் ஒருத்தி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினாள். இன்னொருத்தி போர்வையை இழுத்து முகம்வரை மூடினாள். நல்ல வெளுப்பு விரிப்பு, நீலம் கூடத்தான் போட்டிருந்தது. சாயங்காலம் ஓட்டலுக்குப் பின்னால் புகை எழும்பியது. சமையல்கட்டு அந்தப் பக்கம் இல்லை.

செவ்வாய்க்கிழமை விடிந்ததும் ரூம் சர்வீஸ் தேசிங்கு படிக்கட்டில் இறங்கினார். பூங்காவனத்துக்கு அண்ணன் முறை. தலையில் சிவப்புத் துண்டு போட்டிருந்தார். துக்கம் சொல்லப் போகிறவர்கள் செருப்புப் போடுவதில்லை, அவரும் போடவில்லை. பாதையின் உள்முனையில் நுழைந்து நடக்க ஆரம்பித்தார். அடுத்த புதன்கிழமை மாலை கேட்டுக்கு வந்து சேர்வார்.

வடமலை வாட்ச்மேன் அறைக்குப் போய்ப் படுத்தான். முதலாளி வரதப்பன் வந்து வாசலில் நின்று தொண்டையைச் செருமினார்.

"வடமலை, ஏதாவது கேள்விப்பட்டியாப்பா?"

"இல்லீங்க முதலாளி. இன்னும் எதுவும் வரல."

"வரட்டும், வரட்டும்" என்று சொல்லிவிட்டு முதலாளி கண்ணைத் துடைத்துக்கொண்டு போனார். புதன்கிழமை வாய்தாவில், தூரம் அப்படியே இருக்கிறதா என்று நீதிபதி கேட்டார். இருக்கிறது என்று வடமலை சொன்னான். பூங்காவனத்துக்கு ஒரு கடுதாசியும் எழுதிப் பாருக்குப் போகிறவரிடம் கொடுத்தனுப்பினான். மாத்திரை ஒழுங்காகப் போடுகிறேன் என்று எழுதியிருந்தான்.

சனிக்கிழமை வந்தது. உத்தரவு அமலுக்கு வந்துவிட்டது. சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தால், அந்தப் பக்கம் நேராக முற்றம், முற்றத்தில் துளசிமாடம், நாலே எட்டில் படிக்கட்டு. உள்ளே போய்ச் சேர்ந்திருந்த அமீனா படிக்கட்டில் குடையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வாங்க என்று கையைக் காட்டினார். வடமலை சுவரில் ஒரு கையை ஊன்றினான். தாண்டினால் அந்தப் பக்கம் அவள் செத்துப்போனவள். இந்தப் பக்கம் நிற்கிறவரை அவளுக்குக் காய்ச்சல்தான். காலை எட்டு மணியிலிருந்து சாயங்காலம் ஆறு மணிவரை சுவரில் கையை ஊன்றியபடியே நின்றான். வெயில் மண்டையைப் பிளந்தது. ஆறு மணிக்கு அந்தப் பக்கம் மறுபடி பாதையாயிற்று, கையை எடுத்துக்கொண்டான்.

திங்கட்கிழமையிலிருந்து சிவப்புத் துண்டு சுவர்களுக்கு மேலே அவ்வப்போது தெரிய ஆரம்பித்தது. இடமிருந்து வலம் போகும், காணாமல் போகும், வலமிருந்து இடம் வரும். ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் கிட்டே வரும். செவ்வாய்க்கிழமை சாயங்காலம் தேசிங்கின் முகமே தெரிந்தது. அழுது வீங்கியிருந்தது. இன்னும் ஒரு நாள் நடை பாக்கி. வடமலைக்குச் சோறு இறங்கவில்லை. தேசிங்கண்ணே, உட்காருங்கண்ணே, கொஞ்சம் இளைப்பாறிட்டு வாங்கண்ணே என்று வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டிருந்தான்.

புதன்கிழமை காலை கோர்ட்டில் நல்ல கூட்டம். உள்ளே வேலை பார்க்கிறவர்களின் குடும்பத்தார் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். கமிட்டி இந்த வாரமாவது போய்ச் சேருமா, தங்கள் ஆட்கள் வீட்டுக்கு வருவார்களா என்று கேட்டுப்போக வாராவாரம் வருகிறவர்கள். நீதிபதி கட்டைப் பிரித்தார்.

"தூரம் ஒன்பது நாள். அப்படியே தொடர்கிறதா?"

"இல்லீங்க ஐயா" என்றான் வடமலை. "கூட இருக்கும்."

கமலவேணி அவன் சட்டையைப் பிடித்து இழுத்தார். அவன் திரும்பிப் பார்க்கவில்லை.

"எவ்வளவு?"

வடமலை மனசுக்குள் தன் வயதைக் கூட்டிப் பார்த்தான். இன்னும் முப்பது வருஷம் இருப்போமா? இருந்தாலும் இருப்போம். கோர்ட்டு பாதியை வெட்டினாலும் முப்பது நிற்க வேண்டும். பின்வரிசையில் ஒரு பெண் மடியில் தூக்குவாளியை வைத்துக்கொண்டு அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாற்பத்தொரு வீட்டு ஆட்கள் உள்ளே இருக்கிறார்கள் என்பது அவனுக்குத் தெரியாமல் இல்லை.

"அறுபது வருஷ நடை ஐயா. சத்தியமாச் சொல்றேன்."

நீதிபதி அருமைராஜைப் பார்த்தார். ஆட்சேபிக்க வேண்டியது அவர்தான். அருமைராஜ் எழுந்தார், கையிலிருந்த காகிதங்களைப் புரட்டினார், மூடினார். "ஆட்சேபணை இல்லை" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார். நீதிபதி அறுபது என்று எழுதினார். இந்தத் தடவையும் வெட்டவில்லை. தூக்குவாளியோடு வந்த பெண் எழுந்து வெளியே போனாள், மற்றவர்களும் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள்.

வடமலை வராந்தாவுக்கு வந்து தூணைப் பிடித்துக்கொண்டு நின்றான். இனிமேல் தேசிங்கு அழுதபடியே நடந்துகொண்டிருப்பார், பாவம். யாரோ பின்னால் வந்து நின்றார்கள். அருமைராஜ். வக்கீல் கோட்டைக் கழற்றிக் கையில் போட்டிருந்தார். இத்தனை மாதத்தில் அவர் வடமலையிடம் நேராகப் பேசினதே கிடையாது.

"எங்க அம்மா படுத்த படுக்கையா இருக்காங்க" என்றார். "ஞானப்பூன்னு பேரு. மூணு நாள் தாங்கினாலே பெருசுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. எனக்கு வேற யாரும் இல்ல." கோட்டை மறு கைக்கு மாற்றிக்கொண்டார். "உங்க ஓட்டல்ல ஒரு ரூம் கிடைக்குமா?"

வடமலை பையிலிருந்து பேனாவை எடுத்தான். கையில் இருந்த கேஸ் கட்டின் முதுகிலேயே பெயரை எழுதிக்கொண்டான்.

"நடக்க முடியாதே அவங்களால" என்றார் அருமைராஜ்.

"கட்டிலோட தூக்கிட்டுப் போகலாம் சார். நாலு ஆள் நான் பாத்துத் தரேன். இன்னைக்கே கிளம்பட்டும். கிளம்பிட்டாப் போதும்."

"தனியா இருந்தா பயப்படுவாங்க."

"முதல் மாடியில கிழக்குப் பார்த்த ரூம் போட்டுடறேன் சார், வெளிச்சம் நல்லா வரும்" என்றான் வடமலை. "பக்கத்து ரூம்ல என் சம்சாரம் இருக்கா. அவ பாத்துக்குவா. காலையில காபி குடிப்பாங்களா, டீயா?"

"காபிதான்" என்றார் அருமைராஜ். "சர்க்கரை போடக் கூடாது."

அதையும் வடமலை எழுதிக்கொண்டான்.